எந்தப் பக்கம் சாயும்?

கார் டிக்கியைத் திறந்து, விரிப்பைத் தூக்கினால் அடியில் ஒரு டயர் படுத்துக் கிடக்கும். ஸ்டெப்னி! இந்தப் பெயர் எப்படி வந்தது தெரியுமா? வேல்ஸ் நாட்டில் லனெல்லி என்று ஓர் ஊர். அங்கே ஸ்டெப்னி தெருவில் கடை வைத்திருந்த டேவிஸ் சகோதரர்கள், 1904 வாக்கில் பஞ்சரான சக்கரத்தின் மேலேயே மாட்டிக்கொள்ள ஓர் உபரிச் சக்கரம் செய்து விற்றார்கள். தெருவின் பெயரே சக்கரத்துக்கும் ஆயிற்று. அந்த ஊர்க்காரர்கள் அந்தப் பெயரை எப்போதோ விட்டுவிட்டார்கள். நாம் விடவில்லை.

நான் பி.காம். படித்தவன். கணக்குப் புத்தகக் கண்ணோடு பார்த்தால் ஸ்டெப்னி சுத்த டெட் ஸ்டாக். வாங்கின நாளிலிருந்து ஒரு கிலோமீட்டர்கூட உருளாமல், நம் பெட்ரோல் செலவில் ஓசி சவாரி செய்கிற பொருள். அதனால்தானோ என்னவோ, இப்போது சில புது வண்டிகளில் அதையே எடுத்துவிட்டு, ஒரு பஞ்சர் கிட்டைக் கையில் கொடுத்து அனுப்புகிறார்கள். எடை குறைவு, இடம் மிச்சம், கம்பெனிக்குக் காசு மிச்சம். திம்பம் மலைப்பாதையில் ஏதாவது ஒரு கொண்டை ஊசி வளைவில் டயர் பக்கவாட்டில் கிழியும்போதுதான், மிச்சம் பிடித்தது யார், கொடுத்தது யார் என்று தெரியும்.

வராமலே போகக்கூடிய ஒரு கஷ்டத்துக்காக இன்றைக்கே காசைக் கொட்டி வைப்பது புத்திசாலித்தனமா, வீண் செலவா? இதைக் கணக்குக் கேள்வி என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். எனக்கென்னவோ இது நியாய அநியாயக் கேள்வியாகவே படுகிறது. ஏன் என்று சொல்கிறேன்.

இந்தக் கேள்வியோடு அதிகமாக மல்லுக்கட்டியவர்கள் கம்ப்யூட்டர்காரர்கள். ஆரம்பகாலக் கம்ப்யூட்டர்களில் ஆயிரக்கணக்கில் வால்வுகள். ஒன்று போனால் எல்லாம் போச்சு. அப்போது ஜான் வான் நாய்மன் என்ற கணித மேதை ஒரு கேள்வி கேட்டார். நம்பத்தகாத உறுப்புகளை வைத்தே நம்பத்தகுந்த ஒன்றைக் கட்ட முடியுமா? 1956-ல் வெளிவந்த கட்டுரையில் அவர் சொன்ன வழிகளில் ஒன்று, ஒரே வேலையைப் பலரிடம் கொடு, பெரும்பான்மை என்ன சொல்கிறதோ அதை எடுத்துக்கொள் என்பது. நம் ஊர்ப் பஞ்சாயத்து மாதிரிதான். மூன்று பேரில் ஒருத்தர் உளறினாலும் காரியம் கெடாது.

இதில் எனக்குப் பிடித்தது அந்த மனோபாவம். 'கெட்டுப்போகாத பொருளைச் செய்வேன்' என்று அவர் சவால் விடவில்லை. 'கெடும். கெட்ட பிறகு என்ன?' என்று கேட்டார். கல்யாணத்தில் நூறு இலைக்குச் சொன்னால் நூற்றிருபது இலைக்குச் சமைக்கிற தவசிப்பிள்ளைக்கும் இதே மனோபாவம்தான்.

பிற்பாடு 1970-களில் அமெரிக்காவில் டாண்டம் என்ற கம்பெனி, எல்லாவற்றையும் இரண்டிரண்டாக வைத்து ஒரு கம்ப்யூட்டரைச் செய்தது. பெயரே 'நான்ஸ்டாப்'! வங்கிகளும் பங்குச் சந்தைகளும் வாங்கின. அங்கே வேலை பார்த்த ஜிம் கிரே, 1985-ல் தங்கள் மெஷின்கள் ஏன் நின்றுபோகின்றன என்று கணக்கெடுத்தார். நூற்றுக்கு 18 தடவைதான் மெஷின் கோளாறு. 25 தடவை சாஃப்ட்வேர். 14 தடவை கரன்ட் மாதிரி வெளிக் காரணங்கள். 42 தடவை, அதைப் பார்த்துக்கொள்கிற மனிதர்கள் செய்த வேலை!

பீளமேட்டில் ஒரு பழைய மில் ஃபிட்டரிடம் இதைச் சொன்னேன். அவர் ஆச்சரியப்படவே இல்லை. "மெசின் எங்கீங் தம்பி தானாக் கெடுது? சும்மா ஓடிட்டிருக்கறதுல கைய வெச்சாத்தானுங் கெடும்" என்றார். கிரே புள்ளிவிவரத்தோடு சொன்னதை இவர் வெற்றிலையை மென்றுகொண்டே சொல்லிவிட்டார்.

நம்பகத்தன்மையை இவர்கள் ஒன்பதுகளில் எண்ணுவார்கள். 99 சதவிகிதம் ஓடும் என்றால் பிரமாதம் என்று தோன்றுகிறது இல்லையா? ஒரு வருஷத்துக்குக் கணக்குப் போடுங்கள். மூன்றே முக்கால் நாள் போலப் படுத்துக் கிடக்கும். இன்னொரு ஒன்பது சேர்த்து 99.9 என்றால் எட்டே முக்கால் மணி நேரம். 99.99 என்றால் ஐம்பத்திரண்டரை நிமிடம். ஐந்து ஒன்பது என்றால் வருஷத்துக்கு ஐந்தேகால் நிமிடம்தான். ஒவ்வொரு ஒன்பதுக்கும் பில் எகிறும். அதனால் எங்கேயோ ஒரு இடத்தில், யாரோ ஒருத்தர், 'இதுக்கு மேல வேண்டாம், இவ்வளவு போதும்' என்று கையெழுத்துப் போடுகிறார். அந்தக் கையெழுத்தை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். திரும்ப அங்கே வருவோம்.

அதற்கு முன்னால், ஸ்டெப்னி இருந்தும் வண்டி நின்ற கதை ஒன்று.

2021 பிப்ரவரி 24. புதன்கிழமை. கோவையில் பங்கு வணிகம் எவ்வளவு ஊறிப்போனது என்று சொல்லத் தேவையில்லை. திருச்சி ரோட்டில் தனியாக ஒரு ஸ்டாக் எக்ஸ்சேஞ்சே வைத்திருந்த ஊர் இது. அன்று காலை 11.40-க்கு மும்பையில் தேசியப் பங்குச் சந்தை நின்றது. 3.30-க்கு முடிய வேண்டிய வணிகம், 3.45-க்கு மறுபடி ஆரம்பித்து 5 மணி வரை நடந்தது. நடுவில் நான்கு மணி நேரம். அன்றைக்கே வாங்கி அன்றைக்கே விற்கிறவர்களுக்கு நான்கு மணி நேரம் என்பது ஒரு யுகம். சந்தை மறுபடி திறக்குமா என்று தெரியாமல், சில புரோக்கர்கள் வாடிக்கையாளர்களின் கணக்கை அவர்களாகவே மும்பைப் பங்குச் சந்தையில் முடித்துவிட்டார்கள். திரும்பத் திறந்ததும் விலை வேறாக இருந்தது. நஷ்டம் யாருக்கு? சின்ன ஆளுக்கு.

அப்படியானால் தேசியப் பங்குச் சந்தையிடம் ஸ்டெப்னி இல்லையா? இருந்தது. பிரதான நிலையம் ஒன்று, அது விழுந்தால் தூக்கிக்கொள்ள வேறோர் இடத்தில் மாற்று நிலையம் ஒன்று. இரண்டுக்கும் நடுவே தொடர்பு. அதற்கும் ஒன்றுக்கு இரண்டாக இரண்டு டெலிகாம் கம்பெனிகள். பேப்பரில் பார்த்தால் கச்சிதம். பின்னால் அவர்களே கொடுத்த விளக்கம்தான் சுவாரஸ்யம். இரண்டு கம்பெனி இணைப்புகளும் தடுமாறியதற்கு முக்கியக் காரணம், போகிற பாதையில் நடந்த குழி தோண்டும் வேலையும் கட்டுமான வேலையும்! தொடர்பு தடுமாறியதும், பிரதான நிலையத்தில் நன்றாக இருந்திருக்க வேண்டிய தகவல் சேமிப்பு அமைப்பும் திகைத்து நின்றுவிட்டது. பாதுகாப்புக்காகக் கட்டின கயிறே காலைத் தட்டிவிட்டது.

கம்பெனி இரண்டு. பில் இரண்டு. மண் ஒன்று.

இதில் கெட்ட எண்ணம் யாருக்கும் இல்லை. 'இரண்டு இருக்கிறது' என்று எண்ணிக்கையை மட்டும் பார்த்து நிம்மதியாக இருந்துவிட்டார்கள். இரண்டும் எதன் மேல் நிற்கின்றன என்று கேட்கவில்லை. அண்ணன் தம்பி இருவரும் ஒரே சாயப்பட்டறையில் வேலை பார்த்தால், அந்த வீட்டுக்கு இரண்டு சம்பளம் என்று சொல்லலாமா? பட்டறை மூடின நாளில் அது எத்தனை சம்பளம்?

நம் ஊர்த் தண்ணீரையே எடுத்துக்கொள்ளுங்கள். கோவைக்காரர்களுக்குச் சிறுவாணி என்றால் ஒரு கர்வம். உறவுக்காரர்கள் வந்தால் முதலில் ஒரு சொம்புத் தண்ணீர் கொடுத்து, 'எப்படியிருக்குங்?' என்று கேட்டுவிட்டுத்தான் மறுபேச்சு. ஊர் வளர வளர அது போதவில்லை. பவானி ஆற்றின் பில்லூர் அணையிலிருந்தும் குழாய் வந்தது. ஒன்று கேரளத்துக்குள் இருக்கிற அணை, ஒன்று நம் பக்கத்து அணை. வேறு வேறு ஆறு, வேறு வேறு குழாய். ஒரு குழாய் உடைந்தால், ஒரு பம்ப் படுத்தால், இன்னொன்று தாங்கும். அந்த அளவுக்கு இது நிஜமான ஸ்டெப்னிதான். ஆனால் இரண்டுமே மேற்குத் தொடர்ச்சி மலையில் பெய்கிற தென்மேற்குப் பருவமழையை நம்பியவை. 2016-ல் மழை பொய்த்து, அடுத்த கோடையில் சிறுவாணி அடிமட்டத்துக்குப் போனபோது, பில்லூரையும் வானத்தையும் மாறி மாறிப் பார்த்தது ஊர். குழாய் இரண்டு, வானம் ஒன்று.

நேர் எதிரான கதையும் உண்டு. 2012 ஜூலை 30, 31 தேதிகளில் வட இந்தியாவில் மின்தொகுப்பு அடுத்தடுத்து சரிந்து, இரண்டாம் நாள் அறுபது கோடி மக்களுக்கு மேல் வாழ்கிற பகுதி இருண்டது. தென்னிந்தியா தப்பியது. நாம் கெட்டிக்காரர்கள் என்பதால் அல்ல. நம் தொகுப்பு அப்போது அவர்களோடு முழுசாகக் கலக்காமல், டி.சி. இணைப்புகளின் வழியே மட்டும் கொடுக்கல் வாங்கல் வைத்திருந்தது. ஒத்தையடிப் பாலம் மாதிரி. அதனால் அந்தப் பக்கத்து நெருப்பு இந்தப் பக்கம் தாவவில்லை. 2013 டிசம்பர் 31-ல்தான் ஒன்றாகச் சேர்ந்தோம். (அந்த ஜூலையில் நம் பக்கமும் தினசரி பவர்கட் இருந்ததால், வடக்கே இருட்டான சேதியே பலருக்கு லேட்டாகத்தான் தெரிந்தது. அது வேறு கதை.) கொஞ்சம் விலகி இருப்பதும் ஒரு பாதுகாப்பு. உறவுகளுக்கும் இது பொருந்தும் என்று என் மனைவி சொல்கிறார். யாருடைய உறவுகளுக்கு என்று நான் கேட்கவில்லை.

பங்குச் சந்தைக் கதைக்கு ஒரு பின்குறிப்பு. செபி சும்மா விடவில்லை. கோளாறு வந்தால் அரை மணி நேரத்துக்குள் அறிவித்து, முக்கால் மணி நேரத்துக்குள் மாற்று நிலையத்துக்குப் போயாக வேண்டும் என்று கடுமையாக்கியது. 2023-ல் தேசியப் பங்குச் சந்தையும் அதன் கிளியரிங் நிறுவனமுமாகச் சேர்ந்து சுமார் 72 கோடி ரூபாய் கட்டி வழக்கைத் தீர்த்துக்கொண்டார்கள். 2024 மார்ச் 2, ஒரு சனிக்கிழமை. விடுமுறை நாளில் சந்தையைத் திறந்து, முதலில் பிரதான நிலையத்தில் கொஞ்ச நேரம், அப்புறம் மாற்று நிலையத்தில் கொஞ்ச நேரம் என்று நிஜமாகவே வணிகம் நடத்திப் பார்த்தார்கள். எனக்கு ரொம்பப் பிடித்த செய்தி இது. ஸ்டெப்னியை இறக்கி, மாட்டி, ஓட்டிப் பார்ப்பது! நம்மில் எத்தனை பேர் அதில் காற்று இருக்கிறதா என்று கடைசியாகப் பார்த்தோம்?

சரி, எத்தனை ஸ்டெப்னி வைத்தாலும், எல்லாம் கைவிடுகிற நேரம் ஒன்று வரும். கட்டுகிறவன் முன்கூட்டியே பதில் சொல்ல வேண்டிய கேள்வி அப்போதுதான் வருகிறது. விழப்போகிறது. எந்தப் பக்கம் விழ வேண்டும்?

பழைய ரயில் நிலையங்களில் கைகாட்டி மரம் பார்த்திருப்பீர்கள். கை நேராக நீட்டியிருந்தால் 'நில்'. கீழே சாய்ந்திருந்தால் 'போ'. கேபினிலிருந்து நீண்ட கம்பி இழுத்தால்தான் சாயும். கம்பி அறுந்துபோனால்? எதிர் எடை, கையைத் தானாக 'நில்'லுக்குக் கொண்டுபோய் விடும். இது இயற்கையாக அமைந்ததல்ல. ஒரு காலத்தில் இங்கிலாந்தில் தலைகீழாக இருந்தது. கைகாட்டியின் வழக்கமான நிலையே 'போ'தான். தேவைப்பட்டால் மட்டும் 'நில்'லுக்கு மாற்றுவார்கள். 1876 ஜனவரியில், ஆபட்ஸ் ரிப்டன் என்ற இடத்தில், பனி உறைந்து கைகாட்டிகள் 'போ'விலேயே மாட்டிக்கொண்டன. சிக்னல்மேன் நிறுத்தச் சொல்லி இழுத்தும் கை அசையவில்லை. ரயில்கள் மோதின, மக்கள் செத்தார்கள். அதற்குப் பிறகுதான் வழக்கமான நிலையை 'நில்' என்று மாற்றினார்கள்.

மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூருக்கு 1899-லிருந்து ஏறிக்கொண்டிருக்கிறதே மலை ரயில், அதைப் போய் நிதானமாகப் பாருங்கள். கல்லாறிலிருந்து பன்னிரண்டரை அடிக்கு ஓரடி உயரம் ஏறுகிற பாதை. தண்டவாளத்துக்கு நடுவே பல்சட்டம் ஒன்றல்ல, இரண்டு. ஒன்றின் பல்லும் மற்றதன் பல்லும் நேருக்கு நேர் இல்லாமல் மாற்றி மாற்றி வைத்திருக்கிறார்கள். ஒரு பல் விடுபடும் நேரம் இன்னொரு பல் கவ்வியிருக்கும். இன்ஜின் எப்போதும் பள்ளத்துப் பக்கம்தான். இழுப்பதில்லை, தள்ளுகிறது. கொக்கி அறுந்தாலும் பெட்டிகள் இன்ஜினின் மேல்தான் சாயும், பள்ளத்தாக்கில் உருளாது. வேக்குவம் பிரேக் இன்னும் அழகு. குழாயில் வெற்றிடம் இருக்கிற வரைக்கும்தான் சக்கரத்துக்கு விடுதலை. குழாய் பிய்ந்தால் காற்று உள்ளே புகுந்து பிரேக் தானே பிடித்துக்கொள்ளும். இதெல்லாம் போதாதென்று பெட்டிக்குப் பெட்டி ஒரு பிரேக்ஸ்மேன். இன்ஜினின் விசிலைக் கேட்டுக் கையால் பிரேக் போடுகிறவர்.

அந்த பிரேக்ஸ்மேன், 'டிரைவர் மேல் நம்பிக்கையில்லாமல்தானே என்னை நிறுத்தியிருக்கிறார்கள்' என்று சொன்னதாகவோ, டிரைவர் கோபித்துக்கொண்டதாகவோ நான் கேள்விப்பட்டதில்லை. தவறும் என்று முன்னாலேயே ஒத்துக்கொள்வது மனிதனை அவமதிப்பது என்று சிலர் வாதாடுகிறார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. தவறவே கூடாது என்று ஒருத்தன் தலையில் மலையைத் தூக்கி வைப்பதுதான் அவமதிப்பு.

ஆக, விழுகிற பக்கத்தை யாரோ ஓர் ஆள் தேர்ந்தெடுக்கிறார். ரயிலுக்கு 'நில்' என்பது நல்ல பக்கம். நின்றால் லேட்டாகும், உயிர் போகாது. எல்லா இடத்திலும் 'நில்' நல்ல பக்கமா?

ரேஷன் கடைக்கு வருவோம். 2020 அக்டோபரில் தமிழ்நாட்டில் 'ஒரே நாடு ஒரே ரேஷன்' நடைமுறைக்கு வந்தபோது கைரேகைச் சரிபார்ப்பும் வந்தது. போலி கார்டுக்காரர்களைத் தடுக்கும், ஒருத்தர் பொருளை இன்னொருத்தர் வாங்க முடியாது. நல்ல நோக்கம், நான் மறுக்கவில்லை. ஆனால் அந்தக் கண்ணாடியில் வைக்கிற விரல்களைக் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். கட்டட வேலையில் சிமென்ட் குழைத்த விரல். சாயத்தில் ஊறிய விரல். மஞ்சள் காட்டில் களை வெட்டிய விரல். எழுபது வயதில் ரேகையே தேய்ந்துபோன விரல். உழைத்த கைக்குத்தான் ரேகை இருக்காது. மெஷின் யாரை முதலில் 'தெரியாது' என்கிறது பாருங்கள்.

கைரேகை விழாவிட்டால் பொருளை மறுக்கக்கூடாது என்று அரசு சொல்லியிருக்கிறது. செல்போனுக்கு ஓ.டி.பி., நடக்க முடியாதவர்கள் பெயரில் இன்னொருவர் வாங்கிக்கொள்ள ஒரு படிவம், பின்னால் கண் கருவிழிச் சரிபார்ப்பு என்று மாற்று வழிகள் வந்தன. நிஜமான முயற்சிகள்தான். ஆனால் பங்குச் சந்தைக் கேள்வியை இங்கேயும் கேட்டுப் பாருங்கள். இந்த ஸ்டெப்னிகள் எதன் மேல் நிற்கின்றன? கைரேகைக்கும் கருவிழிக்கும் ஓ.டி.பி.க்கும் சேர்த்து ஒரே சிக்னல்தான். டவர் போனால் மூன்றும் போகும். மிஞ்சுவது ஒரு நோட்டுப் புத்தகமும், கடைக்காரரின் மனசும்.

இப்போது அந்தக் கடைக்காரர் இடத்தில் நில்லுங்கள். நோட்டில் எழுதிக் கொடுத்துவிட்டு, நாளைக்கு ஸ்டாக்கில் இருபது கிலோ குறைந்தால் அவர் பதில் சொல்ல வேண்டும். 'அடுத்த வாரம் வாங்க' என்று சொல்லி அனுப்பினால்? அவரை ஒருத்தரும் கேட்கப்போவதில்லை. ஆணையில் என்ன எழுதியிருந்தாலும், அந்த அமைப்பு சாய்கிற பக்கம் 'இல்லை' என்கிற பக்கம்தான். அரிசிக்கு அது பாதுகாப்பு. சாக்கு பத்திரமாக இருக்கும்.

2017-ல் ஜார்க்கண்ட் மாநிலம் சிம்டேகா மாவட்டத்தில் பதினோரு வயதுச் சிறுமி ஒருத்தி இறந்துபோனாள். ஆதாருடன் இணைக்கவில்லை என்று ரேஷன் கார்டு ரத்தாகி, மாதக்கணக்கில் அரிசி வராமல் பட்டினியால் செத்தாள் என்றது குடும்பம். மலேரியா என்றது அரசு. இரண்டில் எது என்று கடைசிவரை வாதாடலாம். அந்த வீட்டுக்கு அரிசி கொடுக்காததற்கு மட்டும் எந்த மெஷினிலும் சிவப்பு விளக்கு எரியவில்லை. கணக்குப்படி எல்லாம் ஒழுங்காக ஓடிக்கொண்டிருந்தது.

இங்கேதான் அந்த ஒன்பதுகள். தொண்ணூற்றொன்பது சதவிகிதம் என்று ஒரு சர்வருக்குச் சொன்னால், எல்லோருக்கும் வருஷத்தில் மூன்றே முக்கால் நாள் கஷ்டம். பகிர்ந்துகொள்ளலாம். அதே தொண்ணூற்றொன்பதைக் கைரேகைக்குச் சொன்னால் அர்த்தமே வேறு. ஆயிரம் கார்டு உள்ள கடையில் பத்து கார்டு. பெரும்பாலும் அதே பத்து கார்டு, மாதா மாதம். அவர்களுக்கு அது தொண்ணூற்றொன்பது இல்லை, பூஜ்யம். பி.காமில் சராசரி கண்டுபிடிக்கச் சொல்லிக்கொடுத்தார்கள். சராசரிக்குள் யார் ஒளிந்திருக்கிறார்கள் என்று கேட்கச் சொல்லிக்கொடுத்த ஞாபகம் இல்லை.

'கொடுக்கிற பக்கம் சாய்ந்தால் திருடுவானே' என்பார்கள். திருடுவான். பத்துக்கு ஒன்று போலிக் கையெழுத்தாகவே இருக்கட்டும். இருபது கிலோ அரிசி நஷ்டம். அதை அடுத்த மாதம் நோட்டைச் சரிபார்த்துப் பிடிக்கலாம், வசூலிக்கலாம். மறுத்த அரிசியை அடுத்த மாதம் கொடுத்து இந்த மாதப் பசியைத் தீர்க்க முடியாது. எது திருத்தக்கூடிய தவறோ அந்தப் பக்கம் விழும்படி கட்டுவதுதானே என்ஜினீயரிங்? ஆபட்ஸ் ரிப்டனுக்குப் பிறகு ரயில்காரர்கள் செய்தது அதைத்தானே?

நான் கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. மெஷின் 'தெரியாது' என்று சொன்னால், ரசீது தானாக 'கொடுத்துவிடு, பிறகு சரிபார்' என்று அச்சாகட்டும். அப்படிக் கொடுத்ததற்கு விற்பனையாளர் சம்பளத்தில் கை வைக்கக்கூடாது. மறுத்தால் மட்டும் காரணம் எழுதச் சொல்லுங்கள். சாஃப்ட்வேரில் சில வரிகள், ஒரு சுற்றறிக்கை, ஒரு கையெழுத்து.

அன்னூர் பக்கம் ஒரு கடையில் போன மழைக்காலத்தில் பார்த்தேன். ஒரு பாட்டி கட்டை விரலை முந்தானையில் துடைத்துத் துடைத்து நான்காவது தடவையாக வைத்தார். அப்புறம் ஆள்காட்டி விரல். மெஷின் ஒரு சத்தம் போட்டது. "டவர் இல்லீங் ஆத்தா" என்றார் கடைக்காரர். பாவம், குரலில் கனிவு இருந்தது. பாட்டி பையை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு கேட்டார்: "செரி கண்ணு, மறுக்கா எப்ப வரட்டும்?"

அவர் மெஷினைப் பார்த்தார்.